மூன்று பெட்டி அம்ஹாரிக் நாளிதழை என்ன செய்வது?

“காஷே, பெட்டிகளை அடுத்த மாதத்துக்குள் எடுத்தாக வேண்டும்” என்று அடிஸ் அபாபாவிலிருந்து செய்தி வந்தது. காஷே என்பது அங்கே நம் அண்ணாச்சி மாதிரி. வயதில் மூத்தவரை உரிமையோடு கூப்பிடும் சொல். எழுதியவர், நான் எத்தியோப்பியாவில் கல்லூரி ஆசிரியராக இருந்த வருஷங்களில் பக்கத்து மேசைக்காரர். 2024-இல் சாலை விரிவாக்கத்துக்காக நகரின் பியாஸா பகுதியில் பழைய வீடுகள் இடிபட்டபோது அவருடைய தாத்தா வீடும் போய்விட்டது. குடும்பம் ஊர் ஓரத்து அடுக்குமாடி வீட்டுக்குக் குடிபெயர்ந்தது. கட்டில், பீரோ, பாத்திரங்களோடு மூன்று தகரப் பெட்டிகளும் போயின. அத்தைக்கு அந்தப் பெட்டிகளைக் கண்டாலே ஆகாது. தெருவில் ‘கொராலே’ என்று கூவிக்கொண்டு பழைய சாமான் வாங்க வருபவரிடம் எடைக்குப் போட்டுவிடலாம் என்பது அவர் கட்சி.

பெட்டிகளில் இருப்பது அம்ஹாரிக் என்ற எத்தியோப்பிய மொழியின் நாளிதழ்கள். தாத்தா பள்ளி ஆசிரியர். அறுபதுகளின் ‘அடிஸ் ஸெமன்’ நாளிதழை வருஷவாரியாகத் தைத்துக் கட்டி வைத்திருந்தார். இடையிடையே விட்டுப்போனதைத் தள்ளினால் ஒன்பது வருஷத்துக்குத் தேறும். அதோடு, பேரரசரை இறக்கிய 1974 புரட்சிக்குப் பிந்தைய உதிரி இதழ்கள். அடியில் ஒரு பழைய துணியில் சுற்றி, இத்தாலியர் வருவதற்கு முந்தைய ‘பெர்ஹானெனா சலாம்’ வார இதழ் பதினொன்று. எல்லாம் சேர்த்து ஏறக்குறைய 10,000 பக்கம்.

கேள்வி எளிமையானதுதான். யாரிடமாவது கொடுத்துவிடுவதா, மைக்ரோஃபிலிம் என்ற நுண்படம் எடுப்பதா, வெளிநாட்டு நிதி கேட்பதா, கேமராவை வாங்கி நாமே படமெடுப்பதா? அவருக்கு நான் எழுதிய பதில்களைத்தான் இங்கே ஒழுங்குபடுத்தித் தருகிறேன். தமிழ் வாசகருக்கு எத்தியோப்பியப் பத்திரிகையோடு என்ன உறவு என்று கேட்கலாம். பழைய தாள் வீட்டில் வைத்திருக்கும் எவருக்கும் பாதிக்கு மேல் பொருந்தும். மீதி, அந்த மொழிக்கும் அந்த நாட்டுப் பஞ்சாங்கத்துக்கும் மட்டுமே உரியது. எனக்குச் சுவையாக இருந்தது அந்த மீதிதான்.

முதலில் கையில் இருப்பது என்ன என்று பார்த்துக்கொள்வோம். அம்ஹாரிக் மொழியின் முதல் செய்தித்தாள் ‘அய்ம்ரோ’. 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், இரண்டாம் மெனெலிக் பேரரசர் காலத்தில், ஆந்திரேயாஸ் கவாடியா என்ற கிரேக்க வணிகர் அதை நடத்தினார். அச்சு வசதி வரும் வரை கையாலேயே எழுதி 24 பிரதி எடுத்து அரண்மனையைச் சுற்றியிருந்தவர்களுக்குக் கொடுத்தார். பிறகு, பின்னாளில் ஹைலே செலாசி பேரரசரான ரஸ் தஃபாரி தாமே ஓர் அச்சகம் வைத்து, 1925-இல் அதே பெயரில் ‘பெர்ஹானெனா சலாம்’ வார இதழைத் தொடங்கினார். ‘ஒளியும் அமைதியும்’ என்று பொருள். 1936 மே மாதம் பேரரசர் ஊரைவிட்டுப் போனதற்கும் இத்தாலியப் படை நுழைந்ததற்கும் இடையில் அடிஸ் அபாபா கொள்ளையிலும் தீயிலும் சிக்கியது. அதில் தப்பிய போருக்கு முந்தைய தாள் ஒவ்வொன்றும் அரிய பொருள்தான். 1941-இல் பேரரசர் திரும்பி வந்த மறு மாதமே ‘அடிஸ் ஸெமன்’ வந்தது. ‘புதிய காலம்’ என்று பொருள். வார இதழாகத் தொடங்கி நாளிதழாக வளர்ந்து, பேரரசர் ஆட்சி, டெர்க் என்ற ராணுவ ஆட்சி, அதன் பின் வந்த ஆட்சிகள் எல்லாவற்றையும் தாண்டி அரசு நாளிதழாகவே இன்றும் வருகிறது.

அதனால் துணியில் சுற்றிய பதினொன்றும் கட்டிவைத்த ஒன்பது வருஷமும் ஒரே தராசில் நிறுக்க வேண்டியவை அல்ல. நண்பர் இதை ஒப்புக்கொள்ளவே இரண்டு நாள் ஆனது. அவருக்கு எல்லாமே தாத்தா.

இனி காகிதம். எத்தியோப்பியர்கள் பழைய எழுத்து என்றதும் நினைப்பது ‘பிரான்னா’வை, அதாவது ஆட்டுத்தோலைப் பதப்படுத்திச் செய்த ஏட்டை. கெயிஸ் என்ற பழைய தேவாலய மொழியின் நற்செய்தி நூல்கள் அதில் எழுதப்பட்டுப் பல நூற்றாண்டுகள் கடந்து தேவாலயங்களில் இருக்கின்றன. அந்தப் பெருமையிலேயே, அறுபது வருஷத்துத் தாளுக்கு என்ன ஆகிவிடும் என்ற அலட்சியமும் வந்துவிடுகிறது. உண்மை தலைகீழ். செய்தித்தாள் காகிதம் மரக்கூழை அரைத்துச் செய்தது. லிக்னின் என்ற பொருள் அதிலேயே தங்கிவிடுகிறது. வெளிச்சமும் காற்றும் பட்டால் மஞ்சளாகும். உள்ளே ஊறும் அமிலம் இழைகளை அறுத்து அறுத்துக் கடைசியில் மடித்த இடத்தில் அப்பளம் போல முறியும். இதில் அடிஸ் அபாபாவுக்கு ஒரு கொடுப்பினை உண்டு. ஊர் 2,300 மீட்டருக்கு மேலே இருக்கிறது. வருஷம் முழுக்க நம் கொடைக்கானல் மாதிரிக் குளிர்ச்சி. சூடு குறைந்தால் காகிதம் கெடும் வேகமும் குறையும். இதே பெட்டிகள் சென்னையிலோ செங்கடல் ஓரத்து மஸாவாவிலோ இருந்திருந்தால் இந்நேரம் தூள்தான். ஆனால் ஜூன் முதல் செப்டம்பர் வரை ‘கிரெம்த்’ மழைக்காலம். தகரப் பெட்டிக்குள் ஈரம் புகுந்தால் பூஞ்சை பிடிக்கும்.

யாரிடமாவது கொடுத்துவிடுவது என்றால் இரண்டு இடங்களைத்தான் சொல்ல முடியும். ஒன்று, அடிஸ் அபாபா பல்கலைக்கழகத்தின் எத்தியோப்பிய ஆய்வு நிறுவனம். 1963-இல் தொடங்கியது, ரிச்சர்ட் பங்க்ஹர்ஸ்ட் முதல் இயக்குநர். சிதிஸ்த் கிலோவில் பேரரசரின் பழைய அரண்மனையிலேயே இருக்கிறது. நாட்டின் வரலாற்றை எழுதுகிறவர்கள் எல்லாரும் ஒருமுறையாவது அங்கே போய் உட்கார்ந்திருப்பார்கள். இன்னொன்று, தேசிய ஆவணக் காப்பகமும் நூலகமும். ஊர்க்காரர்களுக்கு அது ‘வெமெஸெகிர்’. அச்சாகும் எதற்கும் அங்கே பிரதி கொடுக்க வேண்டும் என்பது சட்டம்.

கொடுப்பதில் உள்ள நன்மை சொல்லித் தெரிய வேண்டியதில்லை. வீட்டில் இருப்பது ஒரு குழாய் உடைந்தால் போயிற்று. ஆய்வாளர் ஒருவர் பியாஸாவில் குடியிருந்த ஒரு குடும்பத்தின் பெட்டியைத் தேடி வரப்போவதில்லை. ஆய்வு நிறுவனத்துக்கு வருவார். எதிர்ப்பக்கமும் உண்டு. அரசு நாளிதழின் அறுபதுகளின் தொகுதிகள் இந்த இடங்களில் ஏற்கெனவே இருக்கும். இரண்டாம் பிரதிக்கு எந்த நூலகமும் முதல் பிரதிக்குக் கொடுக்கும் கவனத்தைக் கொடுக்காது. வேறு ஊரில், வேறு காலத்தில், நானே ஒரு கட்டு இதழ்களை ஒரு நூலகத்துக்குக் கொடுத்துவிட்டு இரண்டு வருஷம் கழித்துப் போய்ப் பார்த்தேன். கட்டிய கயிறுகூட அவிழ்க்கப்படாமல் மாடிப்படியின் கீழே கிடந்தது. அவர்களையும் குறை சொல்ல முடியாது. ஆள் இல்லை, அலமாரி இல்லை. பட்டியல் இல்லாமல் கொண்டுபோய்க் கொட்டியவன் நான்தானே.

ஆகவே நண்பருக்கு நான் சொன்னது: கொடு, ஆனால் எல்லாவற்றையும் ஒன்றாகக் கொடுக்காதே. அவர்களிடம் எந்தெந்த இதழ் விடுபட்டிருக்கிறது என்று முதலில் கேள். ஓட்டையை அடைக்கும் இதழுக்கு இருக்கும் மரியாதை குவியலுக்கு இருக்காது.

அடுத்தது நுண்படம். இப்போது இதைச் சொன்னால் சிரிக்கிறார்கள். நான் நுண்படச் சுருளை முதலில் பார்த்தது சென்னை ரோஜா முத்தையா நூலகத்தில். அதுவும் தொண்ணூறுகளில் நுண்படத்தில்தான் தொடங்கியது. எத்தியோப்பியாவிலும் அதற்கு நல்ல முன்னுதாரணம் இருக்கிறது. எழுபதுகளில் தொடங்கிய ஒரு திட்டம், புரட்சியையும் அதன் பின் வந்த கொந்தளிப்பையும் தாண்டி, தேவாலயங்களிலும் மடங்களிலும் இருந்த சுவடிகளில் ஏறக்குறைய 9,000-ஐப் படமெடுத்தது. ஒரு பிரதி அடிஸ் அபாபாவில், ஒரு பிரதி அமெரிக்காவின் மினசோட்டாவில் உள்ள ஹில் சுவடி நூலகத்தில். இன்று அந்தப் படங்களை இணையத்தில் பார்க்கிறோம் என்றால், அன்று யாரோ மலையேறிப் போய்ச் சுருளில் எடுத்ததால்தான்.

பாலியெஸ்டர் அடித்தளத்தில் வெள்ளி உப்பு பூசிய படச்சுருளைக் குளிர்ந்த, உலர்ந்த இடத்தில் வைத்தால் 500 வருஷம் தாங்கும் என்பது கணக்கு. படிக்க ஒரு லென்ஸும் வெளிச்சமும் போதும். மின்சாரம் போனால் ஜன்னலில் பிடித்தாவது தலைப்பைப் பார்த்துவிடலாம். நண்பரின் குவியலுக்கு 15, 20 சுருள் போதும். ஆனால் அவர் ஒருவருக்காக எடுத்துக் கொடுக்க, அதுவும் கட்டுப்படியாகும் விலைக்கு, இன்று யார் இருக்கிறார்கள்? கருவி பழுதானால் உதிரி பாகம் கிடைக்காது. நிறமும் சாம்பல் நுணுக்கமும் போய்விடும். படங்கள் கறுப்புத் திட்டாக வரும். அரசு நாளிதழில் பேரரசர் படம்தானே முதல் பக்கத்தில், அது திட்டாகப் போனால் என்ன என்று நண்பரே கிண்டல் செய்தார். ஆனால் அந்தப் படத்தில் பேரரசரின் பின்னால் யார் நிற்கிறார், அடுத்த வருஷம் யார் நிற்கவில்லை என்பதுதான் சில ஆய்வுகளுக்குச் செய்தியே.

நுண்படத்தின் பெரிய ஆபத்து அது கொடுக்கும் தைரியம். படம் எடுத்தாகிவிட்டது, இனித் தாள் எதற்கு என்று உலகெங்கும் நூலகங்கள் மூலத்தைக் கழித்துக்கட்டின. 1999-இல் பிரிட்டிஷ் நூலகம் தன்னிடமிருந்த அமெரிக்க நாளிதழ்த் தொகுதிகளை விற்றுவிட்டது. ஸ்கேன் காலத்திலும் அதே நோய் வேறு பெயரில் இருக்கிறது. அதனால் எந்த வழியில் போனாலும் தாளை எறியக் கூடாது என்பதை ஒரு நிபந்தனையாகவே எழுதிக் கொடுத்தேன். அத்தையின் கோபத்துக்கு நானே பொறுப்பு.

வெளிநாட்டு நிதி என்றால் இரண்டு திட்டங்களைப் பார்க்கலாம், இரண்டும் ஆர்காடியா அறக்கட்டளையின் பணத்தில் நடப்பவை. பெயர் ஏறக்குறைய ஒன்றுபோல இருப்பதால் பலர் குழப்பிக்கொள்கிறார்கள். பிரிட்டிஷ் நூலகத்தின் ‘அழியும் ஆவணங்கள்’ திட்டம் 2004-இலிருந்து நடக்கிறது. அதன் கவனம் 20-ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதிக்கு முந்தைய பொருள்களில். கலிஃபோர்னியாப் பல்கலைக்கழகத்தின் லாஸ் ஏஞ்சலிஸ் நூலகம் 2018-இல் தொடங்கிய ‘அழியும் நவீன ஆவணங்கள்’ திட்டம் 20, 21-ஆம் நூற்றாண்டுப் பொருள்களுக்கு. நம் பெட்டியை இதில் வைத்துப் பாருங்கள்: துணியில் சுற்றிய பதினொன்று முதலாவதற்குப் பொருந்தும், அறுபதுகளின் அடிஸ் ஸெமனும் புரட்சிக்குப் பிந்தைய உதிரிகளும் இரண்டாவதற்கு. ஒரே பெட்டி, இரண்டு கதவு.

இந்தத் திட்டங்களில் எனக்குப் பிடித்தது, மூலம் நாட்டைவிட்டு வெளியே போகக் கூடாது என்ற விதி. படமும் உள்ளூரில் ஒரு பிரதி இருக்கும், கருவியும் பயிற்சியும் உள்ளூர் ஆட்களிடம் தங்கும். எத்தியோப்பியாவுக்கு இது சும்மா வார்த்தை இல்லை. 1868-இல் மக்தலா கோட்டையிலிருந்து பிரிட்டிஷ் படை அள்ளிக்கொண்டு போன சுவடிகளில் பல இன்னும் லண்டனில்தான் இருக்கின்றன. “லண்டனிலிருந்து வந்து படம் எடுப்பார்கள்” என்று நண்பர் வீட்டில் சொன்னதும் மாமா ஒருவர், “எடுத்துக்கொண்டு போவார்களா, எடுத்துவிட்டுப் போவார்களா?” என்று கேட்டாராம்.

பிரச்சினை வேறு. தனியாள் ஒருவரின் மூன்று பெட்டிக்கு இந்தப் பணம் வராது. உள்ளூர் நிறுவனம் ஒன்று கூட நிற்க வேண்டும், விண்ணப்பம் எழுத வேண்டும், முடிவுக்கு மாதக்கணக்கில் காத்திருக்க வேண்டும். பதிப்புரிமையும் வந்து நிற்கும். எத்தியோப்பியாவில் 2004-இன் 410-ஆம் எண் சட்டம் உண்டு; அடிஸ் ஸெமன் அரசுப் பத்திரிகை நிறுவனத்தினுடையது. வீட்டில் பாதுகாப்புக்காகப் படமெடுப்பது ஒன்று, உலகத்துக்கே இணையத்தில் திறந்துவிடுவது வேறு. அதற்கு எழுத்தில் அனுமதி வாங்குவதுதான் முறை. நண்பருக்கோ ஒரு மாதம்தான் இருந்தது. இந்தக் கதவை மூடவில்லை. பிறகு தட்டலாம் என்று வைத்தோம்.

மீதி இருப்பது கேமரா. இங்கேதான் கொஞ்சம் கணக்குப் போட வேண்டும், ஏனென்றால் “போனிலேயே எடுத்துவிடலாம் காஷே” என்றார். செய்தித்தாளில் பொடி எழுத்து நன்றாக வர அங்குலத்துக்கு 300 புள்ளி வேண்டும். ஏ2 அளவுப் பக்கம் ஒன்று நீளத்தில் 23 அங்குலத்துக்கு மேல். 12 மெகாபிக்ஸல் போன் முழுப் பக்கத்தை ஒரே படமாக எடுத்தால் அங்குலத்துக்கு 170 புள்ளிதான் கிடைக்கும். கண்ணால் படித்துவிடலாம், ஆனால் எழுத்தின் தலையில் இருக்கும் சின்னக் கோடு போய்விடும். அந்தக் கோடு ஏன் முக்கியம் என்று பின்னால் சொல்கிறேன். பக்கத்தை நான்காகப் பிரித்து எடுத்தால் அதே போனில் 340 வருகிறது. ஆனால் 10,000 பக்கம் 40,000 படமாகும், யாரும் முடிக்க மாட்டார்கள். 45 மெகாபிக்ஸல் அளவுள்ள கேமரா ஒன்றை வாடகைக்கு எடுத்து, நேர்கீழே பார்க்கும்படி தாங்கியில் மாட்டி, இரண்டு பக்கமும் ஒரே மாதிரி விளக்கு வைத்தால் ஒரு பக்கத்துக்கு ஒரு படம் போதும். இரண்டு பேர் சேர்ந்தால் நாளைக்கு 300 பக்கம். ஒருவர் புரட்ட, ஒருவர் சொடுக்க. ஆறு வாரம்.

சேமிப்பு: 300 புள்ளியில் ஏ2 பக்கம் ஒன்று, சுருக்காத டிஃப் கோப்பாக, 100 எம்பிக்குச் சற்று மேல். 10,000 பக்கம் என்றால் ஒரு டெராபைட். ஒரே ஹார்ட் டிஸ்கில் வைப்பது தாளை ஒரே தகரப் பெட்டியில் வைப்பதைவிட மோசம். தாள் கெடுவது கண்ணுக்குத் தெரியும், டிஸ்க் ஒரு நாள் காலையில் பேசாமல் இருந்துவிடும். மூன்று பிரதி, மூன்று இடம், வருஷத்துக்கு ஒருமுறை திறந்து பார்ப்பது, ஐந்து வருஷத்துக்கு ஒருமுறை புது டிஸ்குக்கு மாற்றுவது. இந்தச் செலவு முடிவே இல்லாதது. நுண்படம் ஒருமுறை செலவு. எண்ணிமப் படம் மாதச் சந்தா மாதிரி. ஆனால் படத்தின் பிரதியை நண்பர் எனக்கு ஒரு டிஸ்கில் அனுப்பிவைக்கலாம், நிறத்தோடு, இன்றே. அந்த ஒரு காரணத்துக்காகவே நான் கேமரா பக்கம் சாய்ந்தேன்.

லேமினேஷன் செய்யலாமா என்று அத்தையின் மகன் கேட்டான். வேண்டாம். செல்லோடேப்பும் வேண்டாம்.

நண்பருக்கு இவை எல்லாவற்றையும்விட ஆசை வேறொன்றில். எல்லாவற்றையும் ஸ்கேன் செய்து, படத்திலிருந்து எழுத்தைப் படித்தெடுக்கும் எழுத்துணரி மென்பொருளைப் போட்டு, ஒரு சொல்லைத் தட்டினால் இதழ் வந்து நிற்க வேண்டும். அம்ஹாரிக்குக்கு எழுத்துணரி இல்லாமல் இல்லை. டெசராக்ட் மென்பொருளில் அம்ஹாரிக் உண்டு, கூகுளிலும் உண்டு. இன்றைய அச்சுக்கு ஓரளவு நன்றாகவே படிக்கும். பழைய ஈய அச்சில்தான் தடுமாறும். ஆய்வாளர்கள் வெளியிட்ட பெரிய பயிற்சித் தொகுப்பு ஒன்றில் 3,37,337 வரிப் படங்கள் இருக்கின்றன. பெரும்பாலானவை கணினியிலேயே உருவாக்கியவை. பவர் கெயிஸ், விஷுவல் கெயிஸ் என்ற கணினி எழுத்துருக்களில். ஹைலே செலாசி காலத்து அச்சுக்கோப்பாளர் கையில் தேய்ந்த எழுத்தை அது பார்த்ததே இல்லை.

அந்த எழுத்தைப் பற்றிச் சொல்லாமல் நகர முடியாது. நம் எழுத்துபோல அதுவும் உயிர்மெய் எழுத்து, ‘ஃபிதெல்’ என்பார்கள். 33 அடிப்படை எழுத்து, ஒவ்வொன்றுக்கும் ஏழு வடிவம், ஆக 231. அதற்கு மேலும் சில. ‘ஸ’ எழுத்தின் தலையில் ஒரு கோடு போட்டால் ‘ஷ’. ‘த’வில் கோடு போட்டால் ‘ச்ச’. ‘ந’வில் போட்டால் ‘ஞ’. அச்செழுத்து தேய்ந்தால் முதலில் போவது அந்தக் கோடுதான். துணைக்காலும் ‘ர’வும் பிரித்தறிய முடியாமல் நம் பழைய அச்சு நூல்களில் தடுமாறியவர்களுக்கு இது புரியும். இதற்கு மேல், ஒரே ஒலிக்குப் பல எழுத்து. ‘ஹ’வுக்கு மூன்று, ‘ஸ’வுக்கு இரண்டு, ‘அ’வுக்கு இரண்டு, ‘ட்ஸ’வுக்கு இரண்டு. கெயிஸ் மொழியில் வெவ்வேறாக ஒலித்தவை அம்ஹாரிக்கில் ஒன்றாகிவிட்டன, எழுத்து மட்டும் தங்கிவிட்டது. ‘ட்ஸெஹாய்’ என்றால் சூரியன். பெண்களுக்கு வைக்கும் பெயரும்கூட. அதை ஆறு விதமாக எழுதலாம், ஆறும் செல்லும். பேரரசரின் மகள் இளவரசி ட்ஸெஹாயைப் பற்றித் தேடுகிறவர் ஒரு எழுத்துக்கூட்டலை மட்டும் தட்டினால் மற்ற ஐந்தும் வராது. தேடுபொறி இந்த எழுத்துகளை ஒன்றாக மடித்துத் தேடும்படி செய்ய வேண்டும். செய்வது கடினமில்லை, ஆனால் யாராவது நினைத்துச் செய்ய வேண்டும். பழைய இதழ்களில் சொல்லுக்கும் சொல்லுக்கும் நடுவே இடைவெளிக்குப் பதில் இரண்டு புள்ளி வேறு. எழுத்துணரி அதில் ஒன்றைத் தூசி என்று விட்டுவிட்டால் இரண்டு சொல் ஒட்டிக்கொள்ளும்.

எழுத்துணரிக்கு மாற்றாக நான் சொன்னது அலுப்பான வேலை. ஒரு நோட்டுப் புத்தகம், அல்லது ஒரு எக்ஸெல் தாள். இதழுக்கு ஒரு வரி. இதழ் பெயர், எண், தேதி, பக்கம், கிழிசல் உண்டா, முதல் பக்கத் தலைப்பு. பக்கம் சராசரியாக நான்கு என்று வைத்தால் 10,000 பக்கத்துக்கு 2,500 வரி. நாளைக்கு நூறு வரி என்றால் ஒரு மாதம்கூட ஆகாது. கேமராவும் வேண்டாம், அனுமதியும் வேண்டாம். எழுத்துணரி நூறு வார்த்தைக்குப் பத்தைத் தப்பாகப் படித்தால் தேடலில் கிடைக்காதது எது என்று தெரியவே தெரியாது. பட்டியலில் இல்லாத இதழ் இல்லை என்பதாவது நிச்சயம்.

இந்தப் பட்டியலில்தான் பெரிய பொறி இருக்கிறது: தேதி. எத்தியோப்பியப் பஞ்சாங்கம் நம் ஆங்கிலத் தேதிக்கு ஏழோ எட்டோ வருஷம் பின்னால். செப்டம்பர் 11-இல், சில வருஷம் 12-இல், மெஸ்கெரெம் மாதம் முதல் தேதி புத்தாண்டு. முப்பது நாளில் பன்னிரண்டு மாதம். கடைசியில் ஐந்தோ ஆறோ நாளுக்குப் பகுமே என்ற பதின்மூன்றாம் மாதம். அடிஸ் ஸெமன் முதல் இதழின் தேதி கின்போத் 30, 1933. ஆங்கிலக் கணக்கில் 1941 ஜூன் 7. இதைத் தெரியாமல் ஒருவர் “1933” என்று அட்டவணையில் போட்டால் என்ன ஆகும்? இத்தாலியர் போனதைக் கொண்டாடப் பிறந்த நாளிதழ், இத்தாலியர் வருவதற்கு மூன்று வருஷம் முன்பே வந்துவிட்டதாகிவிடும். இப்படிப்பட்ட பதிவுகள் வெளிநாட்டு நூலக அட்டவணைகளிலும் கண்ணில் படும். தாத்தா கட்டிய ஒவ்வொரு தொகுதியும் எத்தியோப்பிய வருஷம். அதனால் ஒவ்வொன்றுக்குள்ளும் இரண்டு ஆங்கில வருஷம் இருக்கும். பேரரசரை டெர்க் இறக்கிய 1974 செப்டம்பர் 12 அவர்களுக்கு 1967 மெஸ்கெரெம் 2. புரட்சி புத்தாண்டின் மறுநாள். முந்தைய தொகுதியில் தேடினால் கிடைக்காது.

மணியும் இப்படித்தான். அங்கே பொழுது விடிந்ததிலிருந்து கணக்கு. காலை ஏழு மணியை ஒரு மணி என்பார்கள். “மூன்று மணிக்கு ஊர்வலம்” என்று படித்துவிட்டு மாலை ஊர்வலம் என்று எழுதிய ஒரு மாணவரை நானே திருத்தியிருக்கிறேன். காலை ஒன்பது மணி ஊர்வலம் அது. எண்ணும் சில இடங்களில் கெயிஸ் எண். பத்துக்கும் நூறுக்கும் தனிக்குறி, சுழி கிடையாது. நம் பழைய தமிழ் எண்ணைக் கற்றவருக்கு அரை மணி நேரத்தில் பிடிபடும். பெயர்களில் குடும்பப் பெயர் கிடையாது, இரண்டாவதாக வருவது அப்பா பெயர். நம்மைப் போலவேதான், இனிஷியல் இல்லாமல். பெர்ஹானெனா சலாமின் ஆசிரியர் கெப்ரெ கிறிஸ்தோஸ் தெக்லெ ஹைமனோத். முதல் இரண்டு சொல்லும் சேர்ந்து அவர் பெயர், அடுத்த இரண்டும் அவர் அப்பாவினுடையது. மேலைநாட்டு அட்டவணைக்காரர் இவரை ‘ஹைமனோத்’ என்ற தலைப்பில் வைத்துவிட்டால் உள்ளூர்க்காரர் எவரும் கண்டுபிடிக்க மாட்டார்.

இதனால் பட்டியலில் தேதிக்கு இரண்டு கட்டம் வைக்கச் சொன்னேன். ஒன்றில் தாளில் அச்சான எத்தியோப்பியத் தேதி, அப்படியே. இன்னொன்றில் மாற்றிய ஆங்கிலத் தேதி. முதலாவதை ஒருபோதும் திருத்தக் கூடாது. மாற்றியதில் பிழை இருந்தால் பின்னால் வருகிறவர் சரிசெய்துகொள்வார். படக் கோப்பின் பெயரிலும் எத்தியோப்பியத் தேதியே.

இன்னொரு கேள்வியும் இருக்கிறது, கேமராவைத் தொடும் முன் கேட்க வேண்டியது: இதே இதழ் வேறெங்காவது ஏற்கெனவே இருக்கிறதா? அமெரிக்கக் காங்கிரஸ் நூலகம் 1966 முதல் நைரோபியில் அலுவலகம் வைத்துக் கிழக்கு ஆப்பிரிக்க நாடுகளின் வெளியீடுகளைத் திரட்டுகிறது. எத்தியோப்பியாவும் அதில் அடக்கம். சிகாகோவில் உள்ள ஆய்வு நூலகங்களின் மையம் ஆப்பிரிக்க நாளிதழ்களை நுண்படத்தில் வைத்திருக்கிறது. 1992-இன் பத்திரிகைச் சட்டத்துக்குப் பிறகு அடிஸ் அபாபாவில் தனியார் இதழ்கள் காளான் போல முளைத்தன. பல நாலைந்து இதழோடு நின்றன. அராத் கிலோவில் நடைபாதையில் உட்கார்ந்து நாளிதழை வாடகைக்கு வாங்கி அரை மணியில் படித்துத் திருப்பிக் கொடுப்பார்கள். அந்த வாடகைப் பிரதிகள் கடைசியில் வறுத்த பார்லி மடிக்கும் பொட்டலமாகின. என்னைக் கேட்டால், அறுபதுகளின் அரசு நாளிதழைவிட இந்தத் தொண்ணூறுகள்தான் ஆபத்தில் இருக்கின்றன. அரசு நாளிதழை அரசு எங்காவது வைத்திருக்கும். நின்றுபோன இதழை யார் வைத்திருப்பார்? நண்பர் பெட்டியில் அவை இல்லை. தாத்தா அப்போது இல்லை.

கடைசியில் முடிவானது இது. முதல் இரண்டு வாரம் பெட்டியைத் திறந்து பட்டியல் போடும் வேலை மட்டும். அத்தை கொடுத்த ஒரு மாத அவகாசம் அதற்குள் இன்னொரு மாதம் நீண்டது. துணியில் இருந்த பதினொன்றையும் முதலில், 400 புள்ளியில், இரண்டு பக்கமும் படமெடுத்து, தாளை ஆய்வு நிறுவனத்துக்கு எழுத்துப்பூர்வமான ரசீதோடு ஒப்படைப்பது. அடிஸ் ஸெமன் தொகுதிகளில் நூலகங்களில் விடுபட்டவை எவை என்று பட்டியலை வைத்துக் கேட்டு, அவற்றை மட்டும் கேமராவில் எடுப்பது. மற்றவை அமிலமில்லாத அட்டைப் பெட்டியில், கட்டிலுக்குக் கீழே இல்லாமல் தரையிலிருந்து உயர்த்திய பலகையில். புரட்சிக்குப் பிந்தைய உதிரிகளின் பட்டியலை லாஸ் ஏஞ்சலிஸ் விண்ணப்பத்துக்கு ஒரு பல்கலைக்கழகத் துறையோடு சேர்ந்து பயன்படுத்திப் பார்ப்பது. எழுத்துணரி இப்போதைக்கு இல்லை. படம் நன்றாக இருந்தால் பத்து வருஷம் கழித்து வரும் எழுத்துணரியும் அதே படத்தைப் படிக்கும். நுண்படமும் இல்லை; அந்தப் பதினொன்றுக்கு மட்டும் யாராவது எடுத்துத் தந்தால் வேண்டாம் என்று சொல்ல மாட்டோம்.

பட்டியலின் முதல் நாற்பது வரி போன வாரம் வந்தது. பதினெட்டாவது வரியில் ஒரு தொகுதிக்கு மெஸ்கெரெம் தொடக்கம் என்று இருந்தது, ஆங்கிலத் தேதிக் கட்டத்தில் ஜனவரி. திருப்பி அனுப்பினேன். “காஷே, தூக்கக் கலக்கம்” என்று பதில் வந்தது.